போர்க்களத்தில் உழைச்செல்வான்

போர்க்களம் என்ற சொல்லைக் கேட்ட அளவிலே நம் மனக்கண்முன் தோன்றுவன யாவை? வாளும் வேலும், களிறும் தேரும், வென்றோர் ஆரவாரமும் வீழ்ந்தோர் அரற்றலுமே அல்லவா? வீழ்ந்தவனைத் தூக்கி நிறுத்தியவன் யார், அவன் புண்ணைத் தைத்தவன் யார் என்று நாம் கேட்பதில்லை. வென்ற மன்னனுக்குப் பரணி உண்டு. பட்ட வீரனுக்கு நடுகல் உண்டு. மருந்திட்டவனுக்கு ஒன்றும் இல்லை.

ஆயினும், நம் பழம்புலவர் அவனை அறவே மறந்தாரல்லர். பதிற்றுப்பத்தின் ஐந்தாம் பத்திலே சேரன் செங்குட்டுவனைப் பாடும் பரணர், அவன் வீரர்களின் மார்புத் தழும்பைக் கூறுமிடத்துப் புண் தைத்த ஊசியையும் உடன் கூறுகின்றார். குளத்து மீனைக் குறிவைத்துப் பாய்ந்து, மூழ்கி, மேலெழுகின்ற மீன்கொத்திபோல அவ்வூசி புண்ணுள் ஆழ்ந்து மேலெழுந்ததாம். ஊசி பிடித்த கை யாருடையது என்று அவர் சொல்லவில்லை. ஆனால் அக்கையின் விரைவையும் பழக்கத்தையும் அவர் கண்டிருக்கின்றார். நக்கீரரோ நெடுநல்வாடையிலே, வாடை வீசும் மழையிரவில் உறக்கம் துறந்து, பாசறையில் புண்பட்டுக் கிடக்கும் வீரரை நாடிச் சென்று பார்க்கும் வேந்தனைக் காட்டுகின்றார். போரின் நடுவே போர் அல்லாத இன்னொரு தொழிலும் நடைபெறுகின்றது என்பதை இவ்விரு பெரும்புலவரும் உணர்ந்திருந்தனர்.

இவற்றையெல்லாம் நான் இப்போது எண்ண நேர்ந்தது ஏடு புரட்டியதனால் அன்று. என் தங்கையின் மகனால். திருகோணமலை உட்துறைமுகத்தை அடுத்த எங்கள் வீட்டின் முன்னறையில், மாலை வேளைகளில் அவன் கணினியின் முன் அமர்ந்து, காதிலே கருவியை மாட்டிக்கொண்டு, துப்பாக்கி விளையாட்டு ஆடுவான். உயர்தரப் பரீட்சைக்குப் படிக்கின்ற பிள்ளை. வெடியோசைக்கு அஞ்சி வாழ்ந்த ஊரிலே இதுவும் ஒரு விளையாட்டா என்ற வெறுப்பு எனக்கு நெடுநாளாக உண்டு. ஒருநாள் கண்டித்து விடுவதென்று முடிவு செய்து அவன் பின்னே போய் நின்றேன்.

“ஆளை ஆள் சுட்டுக் கொல்லுவதிலே உனக்கு என்னடா இன்பம்?” என்றேன்.

“நான் சுடுகிற ஆள் இல்லை, மாமா. நான் மருந்து போடுகிற ஆள்” என்றான், திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே.

கண்டிக்க வந்தவன் கதிரையை இழுத்துப் போட்டு அமர்ந்தேன்.

அவன் ஆடியது ‘டீம் போர்ட்ரெஸ் 2’ என்னும் விளையாட்டு. 1996ஆம் ஆண்டில் ஆஸ்திரேலிய இளைஞர் சிலர், ‘குவேக்’ என்ற மற்றொரு விளையாட்டை மாற்றியமைத்து இதன் முன்னோடியைப் படைத்தனர். அதன் வழிவந்த இதனை அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் 2007இல் வெளியிட்டது. இரு அணியினர் எதிரெதிர் நின்று பொருவர். ஒவ்வோர் அணியிலும் ஒன்பது வகை வேடங்கள் உண்டு. விரைந்தோடுபவன், வெடிகுண்டு எறிபவன், மறைந்திருந்து சுடுபவன், ஒற்றன் எனப் பலர் நடுவே ‘மெடிக்’ எனப்படும் மருத்துவன் ஒருவன். அவன் முதுகிலே ஒரு பொதி. அதிலிருந்து வரும் குழாயின் நுனியை நண்பன்பால் நீட்டினால் ஒளிக்கற்றை ஒன்று பாய்ந்து அவன் புண்ணை ஆற்றும்.

இவ்விளையாட்டிலே உயிரையும் எண்ணால் அளக்கின்றார்கள். பெருந்துப்பாக்கி ஏந்தும் பருத்த வீரனுக்கு 300; மருத்துவனுக்கு அதிற் பாதி, 150. மருந்துக்கற்றை நொடிக்கு 24 வீதம் உயிரளவை மீட்கும். சற்று நேரம் அடிபடாது ஒதுங்கி நின்றவனுக்கோ அதன் மும்மடங்கு விரைவில் மீட்கும். நலமாயிருப்பவனுக்கும் மேலும் ஊட்டி, முழு அளவின் ஒன்றரை மடங்கு வரை உயர்த்தலாம். அந்த மிகுதி மெல்ல மெல்ல வடிந்துபோகும். பிறருக்கு மருந்திடும்போதெல்லாம் மருத்துவனிடம் ஒரு பேராற்றல் சேர்ந்துகொண்டே வரும். அது நிறையக் குறைந்தது 40 நொடி ஆகும். நிறைந்தபின் அதனை அவிழ்த்துவிட்டால், மருந்து பெறுபவனும் மருத்துவனும் 8 நொடி எந்தப் படைக்கும் அழியாதவராய் முன்னேறலாம். மருத்துவன் இடையிலே வீழ்ந்தானாயின், சேர்த்தது முழுவதும் வீணே.

மருத்துவனை ‘அமைத்தல்’ என்று என் மருகன் ஒன்று சொன்னான். களம் புகுமுன் எந்தக் கருவியை எடுப்பது என்று தேர்வதே அது. மருந்துக் கருவி நான்கு வகை. ஒன்று மேற்சொன்ன அழியாமையைத் தருவது. ஒன்று, நண்பனின் அடிகளுக்குப் பன்மடங்கு வலிமை தருவது; அதன் பேராற்றல் விரைவிலே நிறையும். ஒன்று, புண்ணை மிக விரைந்து ஆற்றுவது. ஆனால் மிகுதி ஊட்டுவதிற் குறைவுடையது. மற்றொன்று, குண்டு, வெடி, தீ என்ற மூன்றில் வருவது எதுவென்று முன்னறிந்து அதற்குக் காப்பளிப்பது. இவற்றுடன் நெடுந்தொலைவில் நிற்கும் நண்பனை நோக்கி எய்து அவன் புண்ணை ஆற்றும் வில் ஒன்றும் உண்டு. எய்த அம்பே மருந்தாகும் விந்தையை அங்கே கண்டேன்.

நான்கு மருந்து என்றதும் எனக்குக் கம்பன் நினைவு வந்தது. யுத்த காண்டத்து மருத்துமலைப் படலத்திலே சாம்பவான் சொல்லும் மருந்துகளும் நான்கே. இறந்தாரை எழுப்புவது ஒன்று. பிளந்த உடலைப் பொருத்துவது ஒன்று. தைத்த படைக்கலத்தை வெளிப்படுத்துவது ஒன்று. பழைய வடிவத்தை மீட்டுத் தருவது ஒன்று. இவற்றுள் எது எப்போது வேண்டும் என்று அறிவதே மருத்துவம். அமெரிக்கரின் விளையாட்டுக்குக் கம்பன் மூலம் என்று சொல்ல நான் துணியவில்லை. ஒப்புமை எண்ணிக்கையோடு நின்றுவிடுகின்றது. எல்லாப் புண்ணுக்கும் ஒரே மருந்து போதாது என்ற அறிவு மட்டும் இரண்டிற்கும் பொது.

கருவி நல்லதாயிருந்தாற் போதுமா? ஆடத் தெரிய வேண்டுமே! சுடுபவன் பார்க்க வேண்டியது எதிரியை மட்டுமே. மருத்துவனோ தன் அணியினர் அனைவரையும் பார்க்க வேண்டும். எதிரி எவ்வழி வருவான் என்றும் பார்க்க வேண்டும். தன் முதுகையும் பார்க்க வேண்டும். “மெடிக்!” “மெடிக்!” என்று நாற்புறமும் குரல்கள் எழுந்தவண்ணம் இருந்தன.

“இரண்டு பேர் ஒரே நேரத்தில் கூப்பிட்டால் யாரிடம் போவாய்?” என்று கேட்டேன்.

“சாகக் கிடக்கிறவரிடம் முதல், மாமா. அவர் எனக்கு எட்டாத இடத்திலே நின்றால், எட்டுகிறவரிடம். கூடக் கத்துகிறவரிடம் போகக் கூடாது. நான் செத்தால் ஒருவருக்கும் மருந்து இல்லை. அதனால் என்னையும் நான் பார்த்துக்கொள்ள வேணும்.”

பதினெட்டு வயதுப் பிள்ளையின் இம்மறுமொழி என்னைச் சிந்திக்க வைத்தது. நெப்போலியன் படையின் மருத்துவராயிருந்த லாரே என்பவர், பதவியின் உயர்வு தாழ்வு பாராது புண்ணின் கடுமை ஒன்றையே நோக்கி முறை வகுத்ததனாலேயே இன்றும் போற்றப்படுகின்றார். கூவுகின்ற குரலின் உரத்தைக் கொண்டு நோயின் கடுமையை அளவிடலாகாது என்பதை, முப்பது ஆண்டுகளாக வகுப்பறையில் நிற்கும் நானும் நன்கு அறிவேன். ஓயாது கை உயர்த்தும் மாணவனுக்கே விடையளித்து, மூலையில் வாய் திறவாது இருந்தவனைக் கைவிட்ட நாள்கள் எனக்கும் உண்டு.

அறுவர் கொண்ட அணிகளாகப் போட்டி ஆடுவோர் பெரும்பாலும் ஒரே ஒரு மருத்துவனைத்தான் வைத்துக்கொள்வார்களாம். ஆகவே அவனை வீழ்த்துவதற்காகத் தம்முள் ஒருவனைச் சாகக் கொடுக்கவும் எதிரணியினர் அஞ்சுவதில்லை. வான்மீகத்தில் ஒரு காட்சி உண்டு. இந்திரசித்தின் பிரமாத்திரத்தால் வானரப் படை முழுதும் வீழ்ந்து கிடக்கின்றது. குற்றுயிராய்க் கிடந்த சாம்பவான், தன்னைத் தேடிவந்த வீடணனிடம் இராமனைப் பற்றியோ சுக்கிரீவனைப் பற்றியோ வினவவில்லை. அனுமன் உயிரோடிருக்கின்றானா என்றே வினவுகின்றான். அவன் இருந்தால் இறந்த படையும் பிழைத்ததாகும். அவன் இல்லையேல் இருக்கின்ற நாமும் இறந்தவரே என்பது அவன் கருத்து. மருந்து கொணர வல்லவன் ஒருவன் பிழைத்திருப்பதே படையின் உயிர் என்பதை அம்முதியோன் அறிந்திருந்தான்.

2016இல் வெளிவந்த ‘ஓவர்வாட்ச்’ என்னும் விளையாட்டிலும் இத்தகையோர் பலர் உளர். இறந்த தோழரை எழுப்பும் ‘மெர்சி’ ஒருத்தி. நண்பரைச் சுட்டே குணமாக்கும் ‘அனா’ என்ற எகிப்திய மூதாட்டி ஒருத்தி. எல்லாரும் சுடுவோராக வரவே விரும்பினமையால், 2019இல் ஓர் அணியில் தாங்குவோர் இருவர், தாக்குவோர் இருவர், ஆற்றுவோர் இருவர் என்றே விதி செய்ய நேர்ந்தது. மருந்திடுவோரை விதி வைத்துத்தான் தேட வேண்டியிருக்கின்றது போலும்!

இவ்வளவும் கேட்டபின் என் வெறுப்பு பெரிதும் நீங்கியது. ஆயினும் ஒரு முள் உறுத்திக்கொண்டே இருந்தது. “எதிரியின் மருத்துவனை முதலில் வீழ்த்து” என்பது அவ்விளையாட்டின் தந்திரம். அறமோ இதற்கு நேர்மாறானது. அம்பு தொடுக்குமுன் நோயுற்றோரையும் புகலிடம் சேருமாறு அறிவிக்கும் முறையைப் புறநானூற்றிலே நெட்டிமையார் பாடுகின்றார். 1864இல் ஜெனீவாவில் நாடுகள் கூடி வகுத்த உடன்படிக்கை, புண்பட்டோரையும் அவர்க்கு மருந்திடுவோரையும் தாக்கலாகாது என விதித்தது. இவ்வறத்தின் பயனை எங்கள் கீழைக்கடல் கண்ணாரக் கண்டிருக்கின்றது. 1942 ஏப்ரல் 9ஆம் நாள் திருகோணமலையின் மேல் யப்பானிய விமானங்கள் குண்டு பொழிந்தன. முதல்நாள் இரவே இத்துறையை விட்டு நீங்கிய ‘ஹெர்மிஸ்’ என்னும் பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பலை அவை மட்டக்களப்புக்கு அப்பால் மூழ்கடித்தன. நீரில் தத்தளித்தோரில் ஏறத்தாழ 600 பேரை எடுத்துக் காத்தது ‘வீற்றா’ என்ற மருத்துவக் கப்பல். போர்க்கப்பலை மூழ்கடித்த விமானங்கள் மருத்துவக் கப்பலைத் தாக்கவில்லை.

அண்மைக் காலத்தையும் மறத்தற்கில்லை. 2009 பெப்ரவரி 10ஆம் நாள், புதுமாத்தளன் கரையிலிருந்து 240 நோயாளரும் காயமுற்றோரும் செஞ்சிலுவைச் சங்கத்தின் ஏற்பாட்டில் கடல்வழியே இத்திருகோணமலைக்குக் கொண்டுவரப்பட்டனர். அன்று தொடங்கி மே மாதம் வரை அவ்வாறு கப்பலேற்றப்பட்ட நோயாளரும் உடன்வந்தோரும் 13,000க்கும் மேற்பட்டவர். பிற்பகுதியில் கப்பல்கள் புல்மோட்டைக்குச் சென்றன. அந்நாள்களில் துறைமுகத்திலிருந்து மருத்துவமனை நோக்கி ஓடிய வண்டிகளின் ஓசை இன்றும் என் செவியில் உண்டு. என் மருகன் அப்போது கைக்குழந்தை. திரையிலே வீழ்ந்தவன் சில நொடிகளில் மீண்டும் எழுந்து வருகின்றான். அக்கப்பல்களில் வந்தவர்க்கும், வர இயலாது போனவர்க்கும் அந்த வாய்ப்பு இல்லை. இதை அவனுக்குச் சொன்னேன். அவன் காதுக் கருவியைக் கழற்றி வைத்துவிட்டுக் கேட்டான்.

பின்னர் அவனே ஒரு செய்தி சொன்னான். 2023இல் செஞ்சிலுவைச் சங்கத்தின் அனைத்துலகக் குழு, துப்பாக்கி விளையாட்டு ஆடுவோர்க்கு நான்கு விதிகளை முன்வைத்ததாம். வீழ்ந்து கிடப்பவனைச் சுடாதே. போர் செய்யாதவரைச் சுடாதே. குடிமக்களின் கட்டடங்களைத் தாக்காதே. மிகுந்திருக்கும் மருந்தைத் தேவைப்படுவோர்க்கு, நண்பர் பகைவர் என்று பாராது, கொடு. இவ்விதிகளை ஏற்று ஆடுவோர் எத்துணையர் என்று யான் அறியேன். ஆனால் போரறத்தைக் கற்பிக்கப் புகுந்தோர் விளையாட்டின் வாயிலையே நாடியது தகும் என்றே எண்ணுகின்றேன். அவன் ஆடும் விளையாட்டிலும் ஒரு வியப்பு உண்டு. எதிரணியின் ஒற்றன் நம்மவன்போல் வேடமிட்டு வந்தால், மருந்துக்கற்றை அவனுக்கும் பாயும். அது விளையாட்டில் ஏமாற்றம். ஆயினும் மருந்துக்குப் பகையில்லை என்னும் உண்மை அங்கே தன்னை அறியாமலே வெளிப்படுகின்றது.

இப்படிப் பேசிக்கொண்டிருந்தபோது மணி எட்டாயிற்று. உள்ளே படுத்த படுக்கையாயிருக்கும் என் தாயாருக்கு, அவனுடைய அம்மம்மாவுக்கு, மருந்து கொடுக்கும் நேரம். அடுக்களையிலிருந்து தங்கை அவனைப் பெயர் சொல்லி அழைத்தாள். அவன் அதற்குள் அடுத்த ஆட்டம் புகுந்துவிட்டான். “இந்தா வாறன், அம்மா” என்றான், வரவில்லை. இருமுறை அழைத்தபின் நானே எழுந்துபோய்க் குளிகையையும் வெந்நீரையும் கொடுத்துவிட்டு வந்தேன். திரையிலே அவன் ஐவரை உயிர்காத்து வென்றிருந்தான்.

அவனை நான் வையவில்லை. திருக்குறளின் மருந்து அதிகாரத்து இறுதிக் குறளை மட்டும் எடுத்துரைத்தேன். மருத்துவம் நான்கு உறுப்புடையது என்கின்றார் வள்ளுவர். நோயாளி ஒருவர், மருத்துவர் ஒருவர், மருந்து ஒன்று, நான்காவதாக உழைச்செல்வான். உழை என்றால் பக்கம். பக்கத்திலே இருந்து பணி செய்பவனே உழைச்செல்வான். “நீ களத்திலே நல்ல உழைச்செல்வான். கூவாமல் கிடக்கிறவரைப் பார்க்கத் தெரிந்தவன். உள்ளே ஒருவர் கூவாமல் கிடக்கிறார்” என்றேன். அவன் மறுமொழி சொல்லவில்லை.

மறுநாள் மாலை எட்டு மணிக்குச் சற்று முன்பு, முன்னறையில் கணினி எரிந்துகொண்டிருந்தது, கதிரை வெறுமையாயிருந்தது. உள்ளே எட்டிப் பார்த்தேன். அம்மம்மாவின் தலையை ஒரு கையால் தாங்கி, மறுகையால் நீர்க்குவளையைப் பிடித்திருந்தான். கணினியிலிருந்து “மெடிக்!” என்ற குரல் கேட்டுக்கொண்டிருந்தது. அவர்கள் சற்றுக் காத்திருக்கட்டும் என்று நான் கதவை மெல்லச் சாத்தினேன்.