உதடு முன்னே, சத்தம் பின்னே: பழைய டிவியும் ப்ளூடூத் ஹெட்செட்டும்

ஜவ்வாது மலை அடிவாரத்தில், வேலூரிலிருந்து சுமார் 25 கிலோமீட்டரில் இருக்கிறது அமிர்தி. வெளியூர்க்காரர்கள் அதை உயிரியல் பூங்காவுக்கும் அருவிக்கும்தான் அறிவார்கள். அங்கிருந்து ஆம்பூர் வரை தோல் தொழிலை நம்பியிருக்கும் ஊர்களில் ஷிஃப்ட் முடிந்து வருபவர்களுக்கு டிவி பார்க்கக் கிடைப்பதே ராத்திரியில்தான். ஒரே அறை, படிக்கிற பிள்ளை, தூங்குகிற பெரியவர். ஹெட்செட் இங்கே ஆடம்பரம் அல்ல.

தமிழக அரசு 2006 முதல் 2011 வரை ஒன்றரைக் கோடிக்கும் மேல் இலவச கலர் டிவிகளை வழங்கியது. 14 அங்குலம், பின்பக்கம் பருத்த பெட்டி. அதில் ப்ளூடூத் கிடையாது. தேவையும் இல்லை. டிவியை விட்டுவிட்டு செட்டாப் பாக்ஸின் முதுகைப் பாருங்கள். மஞ்சள், வெள்ளை, சிவப்பு என்று மூன்று ஓட்டைகள் இருக்கும். மஞ்சள் படத்துக்கு, மற்ற இரண்டும் சத்தத்துக்கு. அந்த இரண்டிலும் தலா ஒரு ஒய் கேபிள் போட்டுப் பிரித்து, ஒரு கிளையை டிவிக்கும் மறு கிளையை ப்ளூடூத் டிரான்ஸ்மிட்டருக்கும் கொடுத்தால் போதும்.

இதில் ஒரு லாபமும் இருக்கிறது. ஒற்றை ஸ்பீக்கர் கொண்ட பல சின்ன டிவிகள் வெள்ளை பின்னை மட்டும் வாங்கிக்கொள்ளும். சிவப்பு பின் சும்மா தொங்கும். அதாவது பாட்டின் வலப்பக்க வாத்தியங்கள் வீடு வரை வந்தும் காதுக்கு எட்டியிருக்காது. இளையராஜா 1978-லேயே ‘ப்ரியா’ பாடல்களை ஸ்டீரியோவில் பதிவு செய்துவிட்டார். அந்த மாதிரிப் பாடல்களைப் பாதியாகவே கேட்டுப் பழகியவர்களுக்கு, பாக்ஸிலிருந்து நேராக எடுத்த சத்தம் புதுப் பாட்டு போல இருக்கும்.

கடையில் கேட்கும்போது கவனம் வேண்டும். காருக்கென்று விற்கும் மலிவான ப்ளூடூத் துண்டு பெரும்பாலும் ரிசீவர். சத்தத்தை வாங்கும், அனுப்பாது. நமக்கு வேண்டியது டிரான்ஸ்மிட்டர். இரண்டும் செய்கிற வகையில் டிஎக்ஸ், ஆர்எக்ஸ் என்று ஒரு ஸ்விட்ச் இருக்கும். அதை டிஎக்ஸில் வைக்க வேண்டும். ஜோடி சேர்க்கும் நேரத்தில் போனின் ப்ளூடூத்தை அணைத்துவிடுங்கள். இல்லாவிட்டால் ஹெட்செட் பழக்கதோஷத்தில் போனோடு போய் ஒட்டிக்கொள்ளும்.

எல்லாம் சரியாக மாட்டிய பிறகுதான் பெரிய தலைவலி தெரியும். சீரியல் மாமியார் வாயை மூடிய பிறகு வசனம் வருகிறது. ஹெட்செட் கெட்டுவிட்டது என்று திருப்பிக் கொடுப்பவர்கள் உண்டு. பாவம், அதன் மேல் குற்றம் இல்லை. ப்ளூடூத் சத்தத்தைச் சுருக்கி, துண்டு துண்டாக அனுப்பி, மறுமுனையில் சேர்த்து வைத்துக்கொண்டுதான் ஒலிக்க விடுகிறது. எல்லா ஹெட்செட்டிலும் இருக்கும் எஸ்பிசி என்ற சாதாரண முறையில் இதற்குச் சுமார் 200 மில்லிசெகண்ட் ஆகிவிடும். சத்தம் 125 மில்லிசெகண்ட் அளவுக்குப் பிந்தினாலே பார்ப்பவர் கண்டுபிடித்துவிடுவார் என்கிறது சர்வதேசத் தொலைத்தொடர்பு ஒன்றியத்தின் பரிந்துரை. போனில் இது ஏன் தெரியவில்லை? அங்கே வீடியோ ஆப், ஹெட்செட்டின் தாமதத்தைக் கணக்குப் பார்த்து, படத்தையும் அதே அளவு நிறுத்தி வைக்கிறது. பழைய பிக்சர் டியூப் டிவிக்கு யாருக்காகவும் காத்திருக்கத் தெரியாது. வந்த படத்தை அந்தக் கணமே காட்டிவிடும்.

ஆப்ட்எக்ஸ் லோ லேட்டன்சி என்ற முறை தாமதத்தைச் சுமார் 40 மில்லிசெகண்டுக்கு இறக்கும். ஆனால் டிரான்ஸ்மிட்டர், ஹெட்செட் இரண்டிலும் அது இருக்க வேண்டும். ஒன்றில் இல்லாவிட்டாலும் இணைப்பு எஸ்பிசி போன்ற சாதாரண முறைக்கே திரும்பிவிடும். ஆகவே காசு இருந்தால் இரண்டையும் பொருத்தம் பார்த்து வாங்குவதே சரி. விலையுயர்ந்த ஹெட்செட்டை மட்டும் வாங்கி, கிடைத்த டிரான்ஸ்மிட்டரைச் சொருகுவது வீண்செலவு. சில இயர்பட்களில் இருக்கும் கேமிங் மோட் தாமதத்தை ஓரளவு குறைக்கும். பெட்டியில் அச்சடித்த எண்ணை அப்படியே நம்ப வேண்டாம். ரேடியோவும் டேப் ரெக்கார்டரும் மட்டும் கேட்பவருக்கு இந்தக் கவலையே இல்லை. பார்க்க உதடு இருந்தால்தானே! அவர்களுக்குச் சில நூறு ரூபாய் டிரான்ஸ்மிட்டரே தாராளம். பழைய மோனோ டேப்பில் மாட்டி ஒரு காதில் மட்டும் கேட்டால், மோனோ சத்தத்தை இரண்டு காதுக்கும் பிரித்துத் தரும் சின்ன பின் ஒன்று போதும்.

எஸ்பிசி என்றாலே மட்டம் என்று ஒதுக்குபவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. வீட்டில் சத்தம் கெடுவது பெரும்பாலும் வால்யூமால்தான். செட்டாப் பாக்ஸில் வால்யூமைக் கால்வாசிக்கு வைத்து ஹெட்செட்டில் முழுதாக ஏற்றினால், பாட்டோடு இரைச்சலும் சேர்ந்து ஏறும். பாக்ஸில் ஏறக்குறைய முழு வால்யூம், ஹெட்செட்டில் காதுக்குப் போதுமான அளவு. குரல் கிழிந்தால் மட்டும் பாக்ஸில் ஒரு படி இறக்கலாம். அடியில் ‘ஊம்’ என்று ஓர் ஓசை விடாமல் கேட்டால், டிரான்ஸ்மிட்டரைப் பாக்ஸின் யூஎஸ்பியிலிருந்து கழற்றித் தனி போன் சார்ஜரில் போட்டுப் பாருங்கள். இதே ஹெட்செட்டை லேப்டாப்போடு இணைத்திருக்கும்போது திடீரென்று சத்தம் டெலிபோன் போல ஆகிவிட்டால், ஏதோ ஒரு ஆப் ஹெட்செட்டின் மைக்கைப் பிடித்திருக்கிறது என்று அர்த்தம். அந்த ஆப்பை மூடினாலோ, லேப்டாப்பின் மைக்கையே பேசத் தேர்ந்தெடுத்தாலோ ஸ்டீரியோ திரும்பிவிடும்.

வேலூர் வெயிலுக்கு இன்னொன்றும் சொல்ல வேண்டும். காதை மூடும் ஹெட்போனின் மெத்தை பெரும்பாலும் ரெக்சின் வகைதான், தோல் அல்ல. ஆம்பூர்க்காரர் கையில் கொடுத்தால் தொட்டதுமே சொல்லிவிடுவார். வியர்வையிலும் ஈரத்திலும் அது செதில் செதிலாக உரியும். உரிந்த மெத்தை காதோடு ஒட்டாது, இடைவெளி வழியே முதலில் கசிந்து போவது பேஸ்தான். தவில் சத்தம் தகர டப்பா போலக் கேட்டால் ஹெட்போனைத் தூக்கிப் போட வேண்டாம். பல மாடல்களுக்கு மெத்தை ஜோடி தனியாகவே கிடைக்கிறது.