பாம்பென்று வெட்டாதீர்

எருக்குவியலைக் கிளறும்போதும் வரம்பு வெட்டும்போதும் வழுவழுப்பான, காலற்ற பிராணியொன்று வெளிப்படுவதுண்டு. பாம்புக்குட்டியென எண்ணிக் கமக்காரர் பலர் அதனை மண்வெட்டியால் வெட்டிவிடுகின்றனர். அது பாம்பன்று, தவளையைப் போன்ற ஓர் ஈரூடகவாழியாகும். இக்தியோபிசு எனப்படும் இச்சாதியின் மூன்று இனங்கள் இலங்கையில் உள. அம்மூன்றும் வேறெந்நாட்டிலும் இல்லை.

அடையாளம்: உடலெங்கும் வளையம் போன்ற மடிப்புகள் நெருங்கியிருக்கும். தோல் ஈரமானது, கண்கள் மிகச் சிறியன, வால் மிகக் குறுகியது. சிலவற்றின் இரு பக்கங்களிலும் மஞ்சட் கோடு காணப்படும். மண்புழுவுக்கில்லாத முள்ளந்தண்டும் பற்களும் இதற்குண்டு.

வாழ்க்கை: ஈரவலயத்திலும் மலைநாட்டிலும் இளகிய ஈரமண், உக்கிய இலைக்குப்பை, வாய்க்காலோரம் ஆகியவற்றில் இது வளை தோண்டி வாழும். மண்புழு, கறையான் முதலியவற்றை உண்ணும். பயிரின் வேரைத் தின்னாது. பெண் நீரருகே வளையில் முட்டையிட்டு, அவை பொரிக்கும்வரை சுருண்டு கிடந்து காக்கும். 1880களில் இலங்கைக்கு வந்த சுவிற்சர்லாந்து அறிஞரான போல் சரசின், பிரிற்சு சரசின் இருவரும் இதனை ஆராய்ந்து எழுதினர். பொரித்த குடம்பிகள் நீரிற் சென்று வளர்ந்து, பின்னர் நிலத்துக்கு மீளும்.

ஆகவே, கமக்காரரே, தாயை வெட்டினால் காவலற்ற முட்டைகளும் அழியுமென்பதை நினைவிற் கொள்க. வளையைக் கண்டால் ஈரமண்ணால் மூடிவிடுக. தனியே அகப்பட்டதை மண்வெட்டியில் ஏந்தி நிழலான ஈர இடத்தில் விடுக. கையாற் பிடித்தால் கையைக் கழுவுக. அதன் தோற்சுரப்பு கண்ணிற் படலாகாது. மருந்து தெளித்த கருவிகளை வாய்க்காலிற் கழுவாதீர். அந்நீரிலேயே குடம்பிகள் வளர்கின்றன.