காசோலை வழக்கில் எதிரி விடுதலையானால்

பணமின்றித் திரும்பிய காசோலைக்காகத் தொடுத்த வழக்கில் எதிரி விடுதலையாகிவிட்டால் இனி வழியில்லை என்றே வாடிக்கையாளர் பலர் எண்ணுகின்றனர். முன்னர் புகார்தாரர் 60 நாள்களுக்குள் உயர் நீதிமன்றத்தின் சிறப்பு அனுமதியைக் கோர வேண்டியிருந்தது. செலவுக்கு அஞ்சிப் பலர் ஒதுங்கியதில் வியப்பில்லை. 2025இல் உச்ச நீதிமன்றம் இந்நிலையை மாற்றியது. காசோலை திரும்பியதால் பணமிழந்தவர் சட்டப்படி 'பாதிக்கப்பட்டவர்' ஆவார். எனவே அனுமதி கோராமலே மேல்முறையீடு செய்யலாம் என்று தீர்ப்பளித்தது. நடுவர் நீதிமன்றத் தீர்ப்பாயின் அமர்வு நீதிமன்றத்தை அணுகலாம்.

ஆயினும் விடுதலைக்கான காரணத்தை முதலில் படித்தறிதல் நன்று. கையெழுத்து ஒப்புக்கொள்ளப்பட்டால் கடன் இருந்ததாகவே சட்டம் அனுமானிக்கும். அவ்வனுமானத்தை நீதிமன்றம் புறக்கணித்திருப்பின் மேல்முறையீட்டுக்கு வலுவுண்டு. காசோலை திரும்பிய தகவல் கிடைத்த 30 நாள்களுக்குள் அறிவிப்பு அனுப்பத் தவறியிருந்தாலோ, அக்குறையை மேல்முறையீட்டில் சரிசெய்வது அரிது. ஆகவே வங்கியின் திருப்பக் குறிப்பையும் அஞ்சல் ரசீதையும் வழக்கு முடியும்வரை பத்திரப்படுத்துமாறு வேண்டுகிறோம்.