கல்லீரலில் கட்டி: குறியீடு தவறினால் கணக்கும் தவறும்

புதுதில்லி: வயிற்று வலிக்காக எடுக்கப்படும் ஸ்கேனில் கல்லீரலில் ஒரு கட்டி தெரிய வருகிறது. அது புற்றுநோயா, சீழ்க்கட்டியா, தீங்கற்ற ரத்தக் குழாய்த் திரளா என்பதை அன்றைக்கே உறுதியாகச் சொல்ல இயலாது. ஆயினும், மருத்துவமனைப் பதிவேட்டிலும் காப்பீட்டுப் படிவத்திலும் நோயைக் குறிக்கும் எண் ஒன்றை எழுதியாக வேண்டும். அவசரத்தில் எழுதப்படும் அந்த எண், நோயாளியின் காப்பீட்டு உரிமை முதல் நாட்டின் புற்றுநோய்ப் புள்ளிவிவரம் வரை பலவற்றையும் பாதிக்கக்கூடியதாக உள்ளது.

நோய்களுக்கு எண் வழங்கும் இந்த முறை, உலக சுகாதார நிறுவனத்தின் 'பன்னாட்டு நோய் வகைப்பாடு' எனப்படுவது. சுருக்கமாக ஐ.சி.டி. என்பார்கள். இதன் 10-ஆவது திருத்தப் பதிப்பை உலக சுகாதார மாமன்றம் 1990-இல் ஏற்றது. இந்திய மருத்துவமனைகளில் இன்றளவும் பெரிதும் புழங்குவது இப்பதிப்பே. 11-ஆவது பதிப்பு 2019-இல் ஏற்கப்பட்டு, 2022 ஜனவரி 1-ஆம் தேதி நடைமுறைக்கு வந்தது. எனினும், புதிய பதிப்புக்கு மாறும் பணி ஒரே நாளில் முடிவதன்று.

ஒரே கட்டி, பல எண்கள்

'கட்டி' என்பது நோயின் பெயரன்று. ஸ்கேனில் கண்ட ஒரு தோற்றம் மட்டுமே. அதன் பின்னணியில் ஒன்றோடொன்று தொடர்பில்லாத பல நோய்கள் இருக்கலாம். எனவேதான் அவற்றுக்கான எண்களும் வகைப்பாட்டின் வெவ்வேறு அத்தியாயங்களில் சிதறிக் கிடக்கின்றன.

ஸ்கேனில் மாறுதல் தெரிந்தது, வேறெதுவும் தெரியவில்லை எனும் நிலையில், கல்லீரல், பித்தப் பாதைப் படங்களில் காணப்படும் இயல்பு மீறிய தோற்றத்துக்கான ஆர்-93.2 இருக்கிறது. கல்லீரல் பெரிதாகியிருப்பதைக் குறிக்க ஆர்-16.0 உள்ளது. அமீபா கிருமியால் உண்டான சீழ்க்கட்டி என்றால் ஏ-06.4, பாக்டீரியாவால் உண்டானது என்றால் கே-75.0. நாய்களின் குடலில் வாழும் நாடாப்புழுவின் முட்டை மனித உடலில் புகுந்து கல்லீரலில் நீர்க்கட்டியாக வளர்ந்தால் அதற்கு பி-67 வரிசை.

தீங்கற்ற கட்டிகளில் பெரும்பாலும் காணப்படும் ரத்தக் குழாய்த் திரளுக்கு டி-18.0. கல்லீரல் அடினோமாவுக்கு டி-13.4. கல்லீரல் செல்களே முடிச்சாகத் திரண்டிருக்கும் தீங்கற்ற நிலைக்கு கே-76.8. புற்றுநோய் எனில், கல்லீரல் செல்களில் தொடங்கியதற்கு சி-22.0, கல்லீரலுக்குள் இருக்கும் பித்த நாளத்தில் தொடங்கியதற்கு சி-22.1; வேறு உறுப்பிலிருந்து பரவி வந்ததற்கு சி-78.7.

டி-37.6 என்ற எண்ணே அதிகக் குழப்பத்துக்கு இடமளிப்பது. புதுவளர்ச்சி என்பது தெரிந்து, அது தீங்கற்றதா, புற்றா என்பதில் ஐயம் நீடிக்கும்போது இட வேண்டிய எண் இது. ஸ்கேனில் ஏதோ தெரிகிறது என்றாலே இதை இட்டுவிட முடியாது. சீழ்க்கட்டியும் நீர்க்கட்டியும் புதுவளர்ச்சிகள் அல்ல. ஆகவே, 'கட்டி' என்ற சொல்லைக் கண்டதும் புதுவளர்ச்சி அத்தியாயத்தைத் திறப்பதே முதல் பிழையாகிறது.

'சந்தேகம்' என்ற ஒரு சொல்

குறியீடு இடுபவர் பெரும்பாலும் மருத்துவர் அல்லர். மருத்துவப் பதிவேட்டுப் பிரிவின் பணியாளர். நோயாளியை அவர் பார்ப்பதில்லை. டிஸ்சார்ஜ் சம்மரியில் மருத்துவர் எழுதிய சொற்களே அவருக்கு ஆதாரம். இங்கேதான் அதிகம் கவனிக்கப்படாத விதி ஒன்று குறுக்கிடுகிறது.

சிகிச்சைக் காலம் முடிந்த பின்னும் நோயின் பெயர் 'சந்தேகத்துக்குரியது' என்றே பதிவாகியிருந்து, வேறு விளக்கமும் கிடைக்காவிட்டால், அந்நோய் உறுதியானதாகவே கருதிக் குறியீடு இட வேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் 10-ஆவது பதிப்பு விதி. அதாவது, 'கல்லீரல் புற்றுநோயாக இருக்கலாம்' என்று எழுதி நோயாளியை வீட்டுக்கு அனுப்பினால், பதிவேட்டில் அவர் புற்றுநோயாளியாகவே எண்ணப்படுவார். மாறாக, 'கல்லீரலின் வலப்புறத்தில் 4 செ.மீ. கட்டி, தன்மை உறுதியாகவில்லை, திசுப் பரிசோதனை முடிவு வர வேண்டும்' என்று எழுதினால், கண்டறிந்ததை மட்டும் குறிக்கும் எண்ணை இட வழி பிறக்கும்.

அமெரிக்காவில் நடைமுறை வேறு. அந்நாடு 2015 அக்டோபர் 1 முதல் இதே 10-ஆவது பதிப்பைத் தன் தேவைக்கேற்ப விரித்துப் பயன்படுத்துகிறது. அங்கே புறநோயாளிகளுக்கு 'சந்தேகம்', 'இருக்கலாம்' என்று எழுதப்பட்ட நோய்களுக்குக் குறியீடு இடக் கூடாது. அறிகுறிக்கோ, பரிசோதனையில் கண்டதற்கோதான் இட வேண்டும். கே-76.89, டி-49.0 போன்ற எண்களும் அமெரிக்கப் பட்டியலில் மட்டுமே உள்ளவை.

இந்த வேறுபாடு இந்தியாவுக்கு வெறும் தகவல் அன்று. சென்னை, ஹைதராபாத் போன்ற நகரங்களில் ஆயிரக்கணக்கான பட்டதாரிகள் அமெரிக்க மருத்துவமனைகளின் கோப்புகளுக்குக் குறியீடு இடும் பணியில் உள்ளனர். அமெரிக்கப் பட்டியலில் பயின்றவர், இந்திய மருத்துவமனையின் கோப்புக்கும் அதே பழக்கத்தில் எண் இட்டால், இங்குள்ள பட்டியலில் இல்லாத எண்ணும், இங்கு பொருந்தாத விதியும் பதிவேட்டில் புகுந்துவிடும்.

திசுப் பரிசோதனை இன்றியும் உறுதி

புற்றுநோய் என்றாலே திசுவை எடுத்துப் பார்த்த பிறகுதான் உறுதி செய்ய முடியும் என்பது பொது விதி. கல்லீரல் செல் புற்றுநோய் இதற்கு ஒரு விலக்கு. கல்லீரல் இறுகிச் சுருங்கும் சிர்ரோசிஸ் நோயாளிகளிடமும், நாட்பட்ட ஹெபடைடிஸ் பி தொற்று உள்ளவர்களிடமும் இப்புற்று வரும் வாய்ப்பு அதிகம். அவர்களுக்குச் சாய மருந்து செலுத்தி சி.டி. அல்லது எம்.ஆர்.ஐ. ஸ்கேன் எடுக்கும்போது, தமனி ரத்தம் பாயும் கட்டத்தில் கட்டி பிரகாசித்து, பின்னர் சுற்றியுள்ள திசுவைவிட விரைவாக மங்கினால், அளவு உள்ளிட்ட பிற அளவுகோல்களும் பொருந்தும் நிலையில், திசு எடுக்காமலே புற்றுநோய் என்று முடிவு செய்யலாம்.

அமெரிக்கக் கதிரியக்கவியல் கல்லூரி உருவாக்கிய 'லை-ராட்ஸ்' எனும் தரவரிசை இதற்குப் பயன்படுகிறது. அதில் 5 என்றால் கல்லீரல் செல் புற்று உறுதி. 3 என்றால் நடுத்தர வாய்ப்பு. முன்னதற்கு சி-22.0 இடுவது முறையே. பின்னதற்கு அந்த எண்ணை இடுவது, மருத்துவர் சொல்லாததைப் பதிவேடு சொல்வதாகிவிடும். கதிரியக்க நிபுணரின் அறிக்கையில் உள்ள இந்த ஓர் இலக்கம் டிஸ்சார்ஜ் சம்மரியில் இடம்பெறாமல் போனால், குறியீட்டாளருக்கு வேறுபாடு தெரிய வழியில்லை.

தொடங்கிய இடமா, பரவிய இடமா?

வட இந்தியாவில் இக்கேள்விக்குத் தனி முக்கியத்துவம் உண்டு. கங்கைச் சமவெளியிலும் வடகிழக்கிலும் பித்தப்பைப் புற்றுநோய், நாட்டின் தென்பகுதியைவிட அதிகமாகக் காணப்படுகிறது. பித்தப்பை கல்லீரலின் அடிப்பகுதியை ஒட்டியே இருப்பதால், அங்கு தோன்றும் புற்று நேரே கல்லீரலுக்குள் ஊடுருவுகிறது. பிகாரிலிருந்தோ உத்தரப் பிரதேசத்திலிருந்தோ தில்லிக்கு வரும் நோயாளியின் கையில் இருக்கும் முதல் ஸ்கேன் அறிக்கையில் 'கல்லீரல் கட்டி' என்று மட்டும் இருக்கக்கூடும். உண்மையில் அவருக்கு இட வேண்டியது பித்தப்பைப் புற்றுக்கான சி-23 ஆக இருக்கலாம். குடல், வயிறு, மார்பகம் ஆகியவற்றில் தோன்றும் புற்றும் கல்லீரலுக்குப் பரவுவது வழக்கம்.

பரவி வந்ததைக் கல்லீரலிலேயே தொடங்கியதாகப் பதிந்தால் இரு கணக்குகள் ஒருசேரத் தவறுகின்றன. கல்லீரல் புற்றுநோய் எண்ணிக்கை கூடுகிறது. மூல உறுப்பின் எண்ணிக்கை குறைகிறது. ஹெபடைடிஸ் தடுப்பூசிக்கும் மதுவிலக்குக்கும் எவ்வளவு, பித்தப்பை நோய் ஆய்வுக்கு எவ்வளவு என்று நிதி ஒதுக்குவோர் நம்புவது இத்தகைய கணக்குகளைத்தான்.

புற்றுநோய்ப் பதிவகங்களுக்கு இதில் இன்னொரு சிக்கலும் உண்டு. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சிலின் தேசியப் புற்றுநோய்ப் பதிவுத் திட்டம் 1982 முதல் பெங்களூர், மும்பை, சென்னை நகரங்களில் தரவு திரட்டத் தொடங்கியது. 2020-இல் வெளியான அதன் அறிக்கை, மக்கள்தொகை அடிப்படையிலான 28 பதிவகங்களின் தரவைக் கொண்டது. புற்றுநோயியலுக்கெனத் தனியே வகுக்கப்பட்ட வகைப்பாட்டையும் பதிவகங்கள் பயன்படுத்துகின்றன. அதில் சி-22.0 என்பது கல்லீரல் என்ற உறுப்பை மட்டுமே குறிக்கும். எவ்வகைப் புற்று என்பதை 8170/3 போன்ற தனி எண் சொல்லும். மருத்துவமனைக் கோப்பிலோ அதே சி-22.0 கல்லீரல் செல் புற்றைக் குறிக்கிறது. ஒரே எண்ணுக்கு இரு பொருள் என்பதை அறியாதவர் கையில் தரவு இடம் மாறும்போது பொருளும் மாறிவிடுகிறது.

இறப்புச் சான்றிதழிலும் இதே நிலைதான். காரணம் என்ற இடத்தில் வெறுமனே 'கல்லீரல் புற்றுநோய்' என்று எழுதப்பட்டால், தெளிவாகக் குறிப்பிடப்படாத வகைக்கான சி-22.9-இல் அது சேர்ந்துவிடும். இந்தியத் தலைமைப் பதிவாளரின் அறிக்கைப்படி, 2020-இல் பதிவான இறப்புகளில் 22.5 சதவீதத்துக்கே மருத்துவரின் காரணச் சான்று இருந்தது. பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டத்தில் 2023-இல் செய்யப்பட்ட திருத்தம், மருத்துவ நிறுவனங்கள் இச்சான்றைக் கட்டணமின்றி வழங்க வேண்டும் என்கிறது. சான்றுகளின் எண்ணிக்கை இதனால் உயரலாம். அவற்றில் எழுதப்படுவது துல்லியமாக இல்லாவிட்டால், கிடைப்பது அதிகத் தரவாக இருக்குமே தவிர நல்ல தரவாக இருக்காது.

நோயாளி தரும் விலை

காப்பீட்டு ஒழுங்காற்று மற்றும் மேம்பாட்டு ஆணையம் தரப்படுத்திய கோரிக்கைப் படிவத்தில், மருத்துவமனை நிரப்ப வேண்டிய பகுதியில் ஐ.சி.டி.-10 குறியீட்டுக்கு இடம் உண்டு. தீங்கற்ற ரத்தக் குழாய்த் திரள் உள்ள ஒருவரின் கோப்பில் முதல் நாளே புற்றுநோய் எண் ஏறிவிட்டால், புதிய பாலிசி கோரும்போதோ நிறுவனத்தை மாற்றும்போதோ அவர் விளக்கம் தர வேண்டி வரும். ஏற்கெனவே உள்ள நோய்களுக்கான காத்திருப்புக் காலத்தின் உச்ச வரம்பு 2024-இல் 48 மாதங்களிலிருந்து 36 மாதங்களாகக் குறைக்கப்பட்டது. இல்லாத நோய்க்கு அக்காலம்கூட வீண் சுமையே. எதிர்த்திசையிலும் பாதிப்பு உண்டு. புற்று உறுதியான பின்னும் பழைய பொது எண்ணே தொடர்ந்தால், சிகிச்சைக்கும் நோய்க்கும் பொருத்தமில்லை என்று கோரிக்கை நிறுத்தி வைக்கப்படலாம்.

2018 செப்டம்பர் 23-இல் தொடங்கிய ஆயுஷ்மான் பாரத் திட்டம், குடும்பத்துக்கு ஆண்டுக்கு ரூ. 5 லட்சம் வரை சிகிச்சைச் செலவை ஏற்கிறது. மருத்துவமனைகளுக்கான தொகை பெரும்பாலும் சிகிச்சைத் தொகுப்பின் அடிப்படையில் தரப்படுகிறது. நோயின் வகையையும் தீவிரத்தையும் கணக்கிட்டுத் தொகை வழங்கும் முறையைச் சோதித்துப் பார்ப்பதாக தேசிய சுகாதார ஆணையம் 2022-இல் அறிவித்தது. அம்முறை பரவலானால் குறியீடே பணமாகிவிடும். தீவிரமான எண்ணை இட்டுக் கூடுதல் தொகை பெறும் ஆசை எழும். அதைத் தடுக்கத் தணிக்கையும் தேவைப்படும்.

செய்ய வேண்டியவை

திசுப் பரிசோதனை முடிவு, நோயாளி வீடு திரும்பிப் பல நாள்கள் கழித்தும் வரலாம். அதற்குள் கோப்பு மூடப்பட்டு, முதல் எண்ணே நிலைத்துவிடுகிறது. முடிவு வந்ததும் குறியீட்டைத் திருத்துவதையும், திருத்திய டிஸ்சார்ஜ் சம்மரியை நோயாளிக்குத் தருவதையும் மருத்துவமனைகளுக்குக் கட்டாயமாக்கலாம். இதற்குப் பெரும் செலவு ஏதும் தேவையில்லை. நோயாளியின் குடும்பத்தாரும் அதைக் கேட்டுப் பெறுவது நல்லது.

பயிற்சி பெற்ற பணியாளர்கள் அடுத்த தேவை. மத்திய அரசின் சுகாதாரப் புலனாய்வு அமைப்பு, தில்லி சப்தர்ஜங் மருத்துவமனையிலும் புதுச்சேரி ஜிப்மரிலும் மருத்துவப் பதிவேட்டுப் பணிக்கான பயிற்சிகளை நடத்தி வந்துள்ளது. இவ்வளவு பெரிய நாட்டுக்கு இது போதாது. சந்தேகம் எழுந்தால் பதிவேட்டுப் பணியாளர் சிகிச்சை அளித்த மருத்துவரிடம் தயங்காமல் விளக்கம் கேட்கும் நடைமுறையும் வேண்டும். விதி தெரிந்தவராயினும், ஆதாரமில்லாத சொல்லுக்குச் சரியான எண்ணை அவரால் தர இயலாது.

11-ஆவது பதிப்பு சில குழப்பங்களை நீக்குகிறது. தன்மை ஐயத்துக்குரிய புதுவளர்ச்சிகளையும், தன்மை இன்னும் அறியப்படாதவற்றையும் அது தனித்தனியே பிரிக்கிறது. கல்லீரல் செல் புற்றுக்கு 2சி12.02 என்ற எண்ணைத் தருகிறது. ஆனால், எந்தப் பதிப்பும் மருத்துவர் எழுதாததை ஊகித்துச் சொல்லாது. புற்றுநோயைக் கட்டாயம் அறிவிக்க வேண்டிய நோயாக்கப் பரிந்துரைத்த நாடாளுமன்ற நிலைக்குழுவின் 2022-ஆம் ஆண்டு அறிக்கை, நோயின் உண்மை அளவு தெரிய வேண்டும் என்ற கவலையில் எழுந்தது. அறிவிப்பைக் கட்டாயமாக்கும் எந்த அரசும், அறிவிக்கப்படும் எண் உறுதியான நோயையா, வெறும் சந்தேகத்தையா குறிக்கிறது என்பதைச் சரிபார்க்கும் பொறுப்பையும் ஏற்க வேண்டியிருக்கும்.