மாங்காய் மொரப்பா

கோடைக்காற்று அடித்தோய்ந்த மறுநாட் காலையில், பாகூர்ப் புறத்து மாந்தோப்புகளில் உதிர்ந்து கிடக்கும் காய்களைக் கண்டோர் வருந்தாதிருத்தல் அரிது. நல்லன ஊறுகாய்க்கு ஏகும், அடிபட்டன அழுகும், விற்கப் புகின் கூடைக்குச் சில்லறைக் காசே தேறும். இவற்றைப் பல திங்கள் கெடாத இன்சுவைப் பண்டமாக்கும் முறையொன்றை எம் அத்தையாரிடத்து யாம் கற்றோம். தமிழ் பயிலும் மாணாக்கர்க்கு அடுக்களையில் என்ன வேலையென்று படிப்போர் நகையாடற்க.

கனியைப் பாகிலிட்டுக் காக்கும் இப்பண்டத்தை அரபியர் முரப்பா என்றனர். நம் கடைத்தெருவில் விற்கும் இஞ்சி மொரப்பாவின் பெயரும் அதன் வழிவந்ததே. பிரெஞ்சுக்காரர் கோன்பித்யூர் என்பர். அச்சொல்லறிந்த குடும்பங்கள் புதுவையில் இன்றும் உள.

இதற்கு வேண்டுவது செங்காய். நன்கு கனிந்த பழம் குழைந்தொழியும். பிஞ்சோ புளிப்பன்றி வேறு தாராது. வீழ்ந்த அன்றே எடுத்து, அடிபட்ட பகுதியைத் தாராளமாக அரிந்து நீக்கி, தோல் சீவிச் சிறு துண்டங்களாக்குக. துண்டம் 1 கிலோவுக்கு வெல்லம் 1 கிலோ, இஞ்சி 50 கிராம், பட்டை 2 துண்டு, கிராம்பு 6, ஏலம் 4, மிளகாய்த்தூள் ஒரு தேக்கரண்டி, உப்பு ஒரு தேக்கரண்டி. பட்டையும் கிராம்பும் யாம் வில்லியனூர்க் கடைத்தெருவில் வாங்கினோம். உலர்திராட்சை சேர்ப்பாரும் உளர். எமக்கு அதில் விருப்பமில்லை.

துண்டங்களை முதலில் ஆவியில் மெல்லென வேகவைத்தல் வேண்டும். பச்சைத் துண்டத்தை நேரே பாகிலிட்டால், அதன் நீரைப் பாகு ஈர்த்துக்கொள்ள, துண்டம் தோல்போற் சுருங்கிவிடும். வெல்லத்தைச் சிறிது நீரிற் கரைத்துக் கொதிப்பித்து, மண்ணும் தூசும் போகத் துணியில் வடித்து, அதன்பின் வெந்த துண்டங்களையும் நசுக்கிய இஞ்சி முதலியவற்றையும் அதிற் பெய்து, மரவகப்பையாற் கிளறுக. கலம் மண்சட்டியாகவோ கற்சட்டியாகவோ இருக்கலாம். ஈயம் பூசாத பித்தளை வேண்டா. மாவின் புளிப்புச் செம்பைக் கரைத்துக் களிம்பேற்றும்.

இறக்கும் பதம் அறிவதே இதில் அருமை. குளிர்ந்த தட்டில் ஒரு துளி விட்டு விரலால் நடுவே கோடிழுத்தால், இருபுறமும் ஓடிக் கூடாமல் நிற்றல் வேண்டும். வெப்பமானி உடையோர் 105 பாகையிற் காண்க. அந்நிலையில் இனிப்பு நூற்றுக்கு 65 பங்களவு செறிந்திருக்கும். அத்துணைச் செறிவில், பாகு தன் நீரைப் பற்றிக்கொண்டு நுண்ணுயிர்க்கு விடாது; வீழ்ந்த உயிரின் நீரையும் உறிஞ்சும். மாவின் புளிப்பு அதற்குத் துணை. பாகை இறுகச்செய்வது காயிலுள்ள பெக்டின் என்னும் பொருள். அதனை 1825இல் ஆராய்ந்து பெயரிட்டவர் பிரக்கோனோ என்னும் பிரெஞ்சு அறிஞர். கனியக் கனிய அது சிதையுமாதலின், செங்காயே வேண்டுமென்று அத்தையார் வற்புறுத்தியதன் காரணம் எமக்குப் பின்னரே விளங்கிற்று.

இனி எம் பிழையையும் கூறிவிடுகின்றோம். சென்ற ஆண்டு, தொலைவூர் செல்லும் தமையனார்க்கென யாமே தனித்துச் சமைத்து, பீங்கான் சாடியிற் பெய்து, எறும்புக்கு அஞ்சி வெதுவெதுப்பிலேயே மூடிவிட்டோம். பத்தாம் நாள் திறந்தபோது மேலெல்லாம் வெண்பூஞ்சை. அத்தையார் ஒருமுறை நோக்கி, "ஆவி அடங்குமுன் மூடினாயோ, தம்பி?" என்றார். மூடியிற் படிந்த ஆவி நீர்த்துளியாகி மேற்பரப்பில் வீழ, அங்குப் பாகு நீர்த்துப் பூஞ்சைக்கு இடமாயிற்று. மேலாக வழித்தெறிந்துவிட்டு எஞ்சியதை உண்ணலாமென அண்டையார் கூறினர். அது தகாது, பூஞ்சையின் நஞ்சு கண்ணுக்குப் புலனாகாமற் கீழும் பரவக்கூடும். சாடி முழுதும் குழியிற் சென்றது. தமையனார் வெறுங்கையோடு வண்டியேறினார்.

இவ்வாண்டு சாடியை வெந்நீரிற் கழுவி வெயிலில் நன்கு உலர்த்தினோம். மொரப்பாவைப் பெய்தபின் வாயை மெல்லிய துணியாற் கட்டி, எறும்பேறாதபடி நீர்த்தட்டின் நடுவே வைத்து, முற்றும் ஆறியபின்னரே மூடினோம். இரண்டு திங்கள் கழிந்தன. ஈரக்கரண்டி படாத அச்சாடி இன்றளவும் நன்றாகவே இருக்கின்றது.