நீலத் திமிங்கிலமும் நம்பிக்கைத் துரோகமும்

இணையத்தில் மறைந்திருக்கும் ஒருவன் பதின்ம வயதினருக்கு ஐம்பது நாட்களில் ஐம்பது பணிகளை வழங்குகின்றான். இறுதிப் பணி மரணம். உளவியல் நாவலொன்றின் கருவை ஒத்த இக்கதை, ‘நீலத் திமிங்கிலம்’ என்னும் பெயரில் 2017ஆம் ஆண்டில் பல நாடுகளிலும் பெற்றோரை அச்சத்தில் ஆழ்த்தியமையை வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். அது முற்றிலும் உண்மையா, அன்றி வெறும் கற்பனையா?

2016 மே மாதத்தில் ரஷ்யாவின் நோவயா கஸெட்டா பத்திரிகை, ஆறு மாதங்களில் தம்முயிரை மாய்த்துக்கொண்ட 130 சிறுவர்களுள் பெரும்பாலானோர் ஒரேவகையான இணையக் குழுக்களில் இணைந்திருந்தனர் என எழுதியது. துயருற்ற பிள்ளைகள் அக்குழுக்களை நாடினரா, அக்குழுக்களே அவர்களைத் துயரில் தள்ளினவா என்பதை அக்கட்டுரை தெளிவுபடுத்தவில்லை என்ற விமர்சனம் எழுந்தது. 2017 ஜூலையில் ரஷ்ய நீதிமன்றமொன்று, சிறுமியரைத் தற்கொலைக்குத் தூண்டியதாக ஒருவருக்கு மூன்று ஆண்டுகளும் நான்கு மாதங்களும் சிறைத்தண்டனை விதித்தது. எனினும், உலகளாவிய விளையாட்டொன்று இருந்தமை நிரூபிக்கப்படவில்லை. இந்தியாவில் இதனுடன் தொடர்புபடுத்தப்பட்ட மரணங்கள் எதிலும் அத்தொடர்பு உறுதிப்படவில்லை என 2018 ஜனவரியில் அந்நாட்டு அரசாங்கம் பாராளுமன்றத்தில் தெரிவித்தது.

அடுத்து வந்த ‘மோமோ’வும் அவ்வாறானதே. 2016இல் டோக்கியோவில் காட்சிக்கு வைக்கப்பட்ட சிற்பமொன்றின் முகமே சிறுவரைக் கொல்லும் பேயாக வதந்திகளில் உலா வந்தது. பெற்றோர் நன்னோக்குடன் பகிர்ந்த எச்சரிக்கைகளே அவ்வதந்தியை வளர்த்தன.

அவ்வாறாயின் பெற்றோரின் அச்சம் வீணானதா? இல்லை. விளையாட்டு பெரும்பாலும் கற்பனை, துரோகமோ நிஜம். 8 முதல் 17 வயது வரையானோரை மிரட்டி, தம்மைத் தாமே காயப்படுத்தச் செய்யும் இணையக் குழுக்கள் குறித்து 2023 செப்டெம்பரில் அமெரிக்காவின் எப்.பி.ஐ. எச்சரித்தது. இத்தகையோரின் வழிமுறையில் மாயமந்திரம் எதுவுமில்லை. தனிமையில் வாடும் பிள்ளையிடம் முதலில் நட்பு அல்லது காதல். அடுத்து இரகசியங்களையும் அந்தரங்கப் படங்களையும் பெறுதல். பின்னர் “வீட்டாருக்கு அனுப்பிவிடுவேன்” என்ற மிரட்டல். நம்பிக்கையே இங்கு ஆயுதமாக மாற்றப்படுகின்றது.

அம்மிரட்டலுக்கு வலிமை தருவது, பெற்றோர் தண்டிப்பர் என்ற பிள்ளையின் பயமேயாகும். உண்மையைக் கூறவரும் பிள்ளையை ஏசி, கைத்தொலைபேசியைப் பறிப்பதன் மூலம் மிரட்டுபவனின் கூற்றை நாமே மெய்ப்பித்துவிடுகின்றோம். மாறாக, “தவறு உன்னுடையதல்ல” என்ற ஒரு வார்த்தை அவனது பிடியைத் தளர்த்தும். ஆதாரங்களை அழிக்காது பாதுகாத்து, பணமோ படமோ மேலும் அனுப்பாது உதவியை நாடுதல் வேண்டும். நம் நாட்டில் தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபையின் 1929, மனநல உதவிக்கான 1926 ஆகிய இலக்கங்கள் உள்ளன.

பெயரறியாத திமிங்கிலத்தைக் கடலெங்கும் தேடுவதைவிட, அருகில் மௌனமாக அமர்ந்திருக்கும் பிள்ளையின் முகத்தைக் கவனிப்பதே இன்றைய தேவையாகும்.