நெய்யும் சக்கரம்: ராபர்ட் ஜோர்டானின் புனைவுலகில் காலமும் பிறவியும்

அமெரிக்க எழுத்தாளர் ராபர்ட் ஜோர்டான் 1990இல் தொடங்கிய ‘காலச் சக்கரம்’ என்னும் மிகுபுனைவு நாவல் வரிசை, அவர் 2007இல் மறைந்தபின், பிராண்டன் சாண்டர்சனால் 2013இல் 14 முதன்மைத் தொகுதிகளாக நிறைவு செய்யப்பட்டது. இப்புனைவுலகின் சமயநோக்கில் படைப்போன் உண்டு. எனினும் உலக நிகழ்வுகளை நடத்துவது சக்கரமே. ஏழு ஆரங்கள் ஏழு ஊழிகளைக் குறிக்கின்றன. சக்கரம் சுழலுந்தோறும், மாந்தர் வாழ்வுகளை இழைகளாகக் கொண்டு காலம் நெய்யப்படுகிறது.

கிரேக்கத் தொன்மத்திலும் வாழ்வு இழையாகவே உருவகிக்கப்படுகிறது. குளோதோ நூற்கிறாள்; லாக்கெசிஸ் அளக்கிறாள்; அட்ரோபோஸ் அறுக்கிறாள். அறுத்தலோடு அவ்விழையின் கதை முடிகிறது. ஜோர்டானிடமோ, இறந்தோரின் இழை பிறிதோர் ஊழியில் மீண்டும் நெசவிற் சேர்கிறது.

நெசவு முன்பே வகுக்கப்பட்டதெனின், மனித முயற்சிக்குப் பொருள் யாது? இவ்வினாவே கதைத்தலைவன் ராண்ட் அல்தோரை வருத்துகிறது. பன்னிரண்டாம் தொகுதியின் இறுதியில், மீண்டும் மீண்டும் துன்புறுவதற்கே பிறவி எனக் கருதி, நெசவையே அழிக்க முற்படுகிறான். பின்னர், முற்பிறவியில் பிழைத்ததைத் திருத்தவும் மீண்டும் அன்பு செலுத்தவும் மறுபிறவி வாய்ப்பளிக்கிறது எனத் தெளிகிறான்.

பிறவிச் சுழலைத் தளையெனக் கொண்டு வீடுபேற்றை நாடும் இந்தியச் சமய மரபுகளிலிருந்து இப்புனைவு விலகுமிடம் இதுவே. இங்குச் சக்கரத்தை உடைக்க விழைபவன் இருளோன். அது தொடர்ந்து சுழலக் காப்பதே அறமாகிறது. விடுதலை நெசவுக்கு அப்பால் இல்லை; நெய்யப்படும் இழை தன் வாழ்வை ஏற்கும் முறையில் உள்ளது.